எக்ஸ்பென்ஸ் ரேஷியோ: என் டேபிளுக்கு வந்த கேள்விகள்

திருப்பூர்ல ஒரு பனியன் கம்பெனில அக்கவுண்ட்ஸ் பாக்கறேன். ஜனவரி பொறந்தா போதும், டாக்ஸ் ப்ரூஃப் குடுக்க ஆளாளுக்கு பாலிசி ரசீது, ஃபண்ட் ஸ்டேட்மென்ட்னு தூக்கிட்டு என் டேபிளுக்கு வந்துடுவாங்க, குடுத்துட்டு சும்மா போக மாட்டாங்க, "அண்ணா இது நல்ல பாலிசியா"ன்னு ஒரு கேள்வியும் கேட்டுட்டுதான் போவாங்க. பத்து பேர் கேட்டா அதுல எட்டு பேரோட சந்தேகம் கடைசில செலவு எவ்ளோ பிடிக்கறாங்கங்கறதுலதான் வந்து நிக்குது. அதனால அவங்க கேட்ட மாதிரியே கேள்விய போட்டு பதில எழுதி வெச்சுட்டேன். நான் ஏஜென்ட் இல்ல, எதுலயும் எனக்கு கமிஷன் கிடையாது.

எக்ஸ்பென்ஸ் ரேஷியோன்னா என்னண்ணா? ஒண்ணுமே தெரியாதவனுக்கு சொல்ற மாதிரி சொல்லுங்க.

நெல்லு அரைக்க மில்லுக்கு கொண்டு போனா சில ஊர்ல காசு வாங்க மாட்டாங்க, அரைச்ச அரிசிலயே கூலியா ஒரு பங்கு எடுத்துக்குவாங்க இல்லயா, அதேதான். உங்க பணத்தையும் இன்னும் லட்சம் பேரு பணத்தையும் சேத்து ஒரு ஃபண்ட் கம்பெனி பாத்துக்குது, அதுக்கு ஆகற செலவயும் அவங்க கூலியையும் அந்த பணத்துலேர்ந்தே எடுத்துக்குது. மொத்த சொத்துல வருஷத்துக்கு எத்தனை சதவீதம் அப்படி எடுக்கறாங்கங்கறதுதான் எக்ஸ்பென்ஸ் ரேஷியோ. 1.8%ன்னா 1 லட்சம் ரூபாய்க்கு வருஷம் 1,800 ரூபா.

மில்லுல கூலி எடுக்கறது கண்ணு முன்னாடி நடக்கும். இது கண்ணுக்கே தெரியாது, அதனாலதான் இத்தனை கேள்வி வருது.

எனக்கு ஒரு தடவ கூட பில்லு வந்ததில்லயே, பேங்க்லேர்ந்தும் எதுவும் புடிக்கலயே?

வராது, புடிக்கவும் மாட்டாங்க. வருஷக் கணக்க 365ஆ பிரிச்சு தினமும் என்ஏவிலேர்ந்தே, அதாவது ஃபண்டுல உங்க பங்கா குடுக்கற ஒரு யூனிட்டோட மதிப்புலேர்ந்தே, கழிச்சுடுவாங்க. ஒரு யூனிட்டோட மதிப்பு நேத்து 100 ரூபான்னு வெச்சுக்குங்க, இன்னிக்கு ஃபண்ட் வெச்சிருக்கற பங்கெல்லாம் 1% ஏறி 101 ஆயிடுச்சு, எக்ஸ்பென்ஸ் ரேஷியோ 1.825%ன்னா ஒரு நாளைக்கு 0.005% வரும், அத கழிச்சா 100.995. சாயங்காலம் ஆப்ல நீங்க பாக்கற நம்பர் இந்த 100.995தான். அரை பைசா போனது யார் கண்ணுக்கு தெரியும்?

5 லட்சம் போட்டிருக்கறவருக்கு 1.8% வீதம் ஒரு நாளைக்கு சுமார் 24 ரூபா 65 பைசா. தினமும் ரெண்டு டீ, வீட்டுல யாரும் குடிக்காத டீ. ஆனா ஒண்ணு, ஃபண்ட் விளம்பரத்துலயும் ஆப்லயும் போடற ரிட்டர்ன் எல்லாம் இத கழிச்சதுக்கு அப்புறம் வர்ற கணக்குதான், அதனால "12% ரிட்டர்ன்ல இன்னும் 2% போயிடும்"னு யாராவது சொன்னா அது தப்பு, ரெண்டு தடவ கழிக்காதீங்க.

ஃபண்டு நஷ்டத்துல ஓடுனாலும் எடுப்பாங்களா?

எடுப்பாங்க. லாபத்துல பங்கு இல்ல இது, சொத்து மேல போடற சதவீதம். மார்க்கெட் 10% விழுந்த வருஷம் 1.8% செலவும் சேந்து கிட்டத்தட்ட 12% கொறயும். ஃபண்டோட சொத்து சுருங்குனா அவங்க கைக்கு போற ரூபாயும் சுருங்கும், அவ்ளோதான்.

இதுக்குள்ள அப்படி என்ன செலவு இருக்கு? யாருக்கு போகுது?

ஃபண்ட் மேனேஜ்மென்ட் ஃபீஸ் ஒண்ணு. பங்குகள பத்திரமா வெச்சிருக்கற கஸ்டோடியனுக்கு, ஆடிட்டருக்கு, டிரஸ்டிக்கு, யார் பேர்ல எத்தனை யூனிட்னு கணக்கு வெச்சிருக்கற ரெஜிஸ்ட்ராருக்கு கொஞ்சம் கொஞ்சம் (உங்களுக்கு மெயில் அனுப்பற கேம்ஸ் அந்த மாதிரி ஒரு ரெஜிஸ்ட்ரார், நம்ம சென்னை கம்பெனிதான்). முதலீட்டாளர் விழிப்புணர்வுன்னு 0.02% ஒதுக்கணும்னு செபி (பங்குச் சந்தையயும் மியூச்சுவல் ஃபண்டயும் கட்டுப்படுத்தற அமைப்பு) ரூல் ஒண்ணு இருந்தது. ஏஜென்ட் மூலமா வாங்கியிருந்தா அவரோட கமிஷனும் இதுக்குள்ளதான் இருக்கு, அப்படி ஏஜென்ட் வழியா வாங்கற ரெகுலர் பிளான்ல பெரிய துண்டே அதுதான். 2018 அக்டோபர்லேர்ந்து முன்கூட்டியே மொத்தமா கமிஷன் குடுக்கறத செபி நிறுத்திடுச்சு, இப்ப நீங்க பணத்த வெச்சிருக்கற வரைக்கும் வருஷா வருஷம் டிரெயில்னு போயிட்டே இருக்கும்.

ஒரு பர்சென்ட்தானே சார், அதுக்கு போயி இவ்ளோ கணக்கு பாக்கணுமா?

இந்த கேள்விய கேட்டது எங்க டிஸ்பாட்ச்ல இருக்கற ஒரு தம்பி, அவனுக்கு பக்கத்துல உக்கார வெச்சு எக்செல்ல போட்டு காட்டுனேன், அதயே இங்கயும் எழுதறேன். மாசம் 10,000 ரூபா எஸ்ஐபி, 20 வருஷம், கையிலேர்ந்து போறது 24 லட்சம். செலவெல்லாம் போக 12% கிடைச்சா சுமார் 99.9 லட்சம் வரும். அதே பணம் அதே மார்க்கெட், செலவு மட்டும் 1% கூட, அதனால 11%ன்னு வைங்க, சுமார் 87.4 லட்சம். வித்தியாசம் பன்னெண்டரை லட்சம்!

அவன் போட்ட 24 லட்சத்துல பாதிக்கு மேல அது. ஏன் இவ்ளோ ஆகுதுன்னா, அந்த 1% நீங்க போட்ட பணத்துல மட்டும் போகல, அது மேல வளந்த பணத்துலயும் சேத்து ஒவ்வொரு வருஷமும் போகுது, போன பணம் திரும்ப குட்டி போடவும் வழியில்ல. முதல் நாலஞ்சு வருஷம் ஒண்ணுமே தெரியாது, பதினஞ்சு வருஷத்துக்கு மேலதான் கடிக்கும். 12%ங்கறது உதாரணம்தான், வரும்னு யாரும் கியாரண்டி தர முடியாது. வர்ற ரிட்டர்ன் உங்க கையில இல்ல, செலவு எவ்ளோங்கறது மட்டும் வாங்கறதுக்கு முன்னாடியே தெரியற விஷயம், அதனாலதான் நான் அத பிடிச்சுட்டு நிக்கறேன்.

டைரக்ட், ரெகுலர் ரெண்டும் ஒரே ஃபண்டுன்றாங்க, அப்ப என்ஏவி மட்டும் ஏன் வேற வேறயா இருக்கு?

ஒரே ஃபண்ட், ஒரே மேனேஜர், அதே பங்குங்கதான். மேல சொன்ன கமிஷன், ஏஜென்ட் இல்லாம நேரா வாங்கற டைரக்ட்ல இல்ல, ரெகுலர்ல இருக்கு. 2013 ஜனவரி 1லேர்ந்து எல்லா ஃபண்டும் டைரக்ட் பிளான் தரணும்னு செபி சொல்லிடுச்சு, அன்னிக்கு ரெண்டும் ஒரே என்ஏவில ஆரம்பிச்ச ஃபண்ட எடுத்து இன்னிக்கு ரெண்டு என்ஏவியும் பக்கத்துல வெச்சு பாருங்க, நடுவுல தெரியற இடைவெளிதான் இத்தனை வருஷக் கமிஷனோட கணக்கு. பங்கு ஃபண்ட்ல பொதுவா வருஷத்துக்கு அரை சதவீதத்துலேர்ந்து ஒரு சதவீதம் வரைக்கும் வித்தியாசம் பாக்கலாம்.

டைரக்ட்ல என்ஏவி ஜாஸ்தி, அப்ப யூனிட் கம்மியாதானே கிடைக்கும், அது நஷ்டம் இல்லயா அக்கவுண்டன்ட் சார்?

இல்லீங்க. 500 ரூபாய ரெண்டு 200 ஒரு 100ஆ வாங்குனாலும் அஞ்சு 100ஆ வாங்குனாலும் 500தான். எத்தனை யூனிட்ங்கறது முக்கியமில்ல, இனிமே எத்தனை சதவீதம் வளருதுங்கறதுதான் முக்கியம், அது டைரக்ட்ல கூடுதலா இருக்கும்.

அப்ப ஏஜென்ட் மூலமா வாங்குனவங்கள்லாம் ஏமாந்தவங்களா?

அப்படி நான் சொல்லவே மாட்டேன். 2020 மார்ச்ல மார்க்கெட் சரிஞ்சப்ப எங்க ஆஃபீஸ்ல ரெண்டு பேர் எல்லாத்தையும் வித்துட்டு ஓடப் பாத்தாங்க, ஒருத்தரோட ஏஜென்ட் நேர்ல வீட்டுக்கே வந்து உக்காந்து பேசி நிறுத்துனாரு, இன்னொருத்தர் டைரக்ட், தடுக்க ஆள் இல்ல, வித்துட்டாரு. முதல் ஆளுக்கு அந்த கமிஷன் பல மடங்கு திரும்பி வந்துடுச்சு. கேஒய்சி, நாமினி, ஆள் தவறிட்டா குடும்பத்துக்கு பேப்பர் வேலைன்னு நல்ல ஏஜென்ட் நிஜமாவே உழைக்கறாரு.

ஆனா பத்து வருஷமா ஒரு ஃபோன் கூட பண்ணாத ஆளுக்கும் அதே டிரெயில் போயிட்டேதான் இருக்கும். உங்களுக்கு வர்ற அரையாண்டு ஒருங்கிணைந்த ஸ்டேட்மென்ட்ல அவருக்கு எத்தனை ரூபா போச்சுன்னே போட்டிருப்பாங்க, சதவீதமா இல்ல, ரூபாயாவே. அந்த ரூபாய்க்கு அவர் வேலை பண்றாரான்னு நீங்களே பாத்து முடிவு பண்ணுங்க.

சரி, ரெகுலர்ல இருக்கறத நாளைக்கே டைரக்ட்டுக்கு மாத்திடவா?

பொறுங்க. மாத்தறதுன்னா பட்டன் பேரு சுவிட்ச்தான், சட்டப்படி அது வித்துட்டு புதுசா வாங்கறது. எக்ஸிட் லோட் (சீக்கிரம் எடுத்தா புடிக்கற கட்டணம்) காலம் முடியலன்னா அது போகும், லாபத்துக்கு வரியும் வரும். பங்கு ஃபண்ட்ல ஒரு வருஷத்துக்கு மேல வெச்சிருந்தா வருஷத்துக்கு 1.25 லட்சம் லாபம் வரைக்கும் வரி இல்ல, அதுக்கு மேல 12.5%, ஒரு வருஷத்துக்குள்ளன்னா 20%. இது 2024 ஜூலை 23லேர்ந்து இருக்கற கணக்கு. ஈஎல்எஸ்எஸ்ங்கற வரிச் சலுகை ஃபண்டுன்னா 3 வருஷம் எடுக்கவே முடியாத லாக்கின் வேற.

நான் பண்ணது என்னன்னா, புதுசா போற எஸ்ஐபிய உடனே டைரக்ட்ல ஆரம்பிச்சுட்டு, பழச ஒவ்வொரு மார்ச்லயும் அந்த 1.25 லட்ச லாபத்துக்குள்ள அடங்கற அளவுக்கு மட்டும் மாத்துனேன். ரெண்டு மார்ச் ஆச்சு, வரி ஒரு ரூபா கூட கட்டல.

இதுக்கெல்லாம் கவர்மென்ட் ஒரு லிமிட் வைக்காதா?

வெச்சிருக்கு. மியூச்சுவல் ஃபண்டுக்கு செபி. முன்னாடி வாங்கும்போதே 2.25% வரைக்கும் என்ட்ரி லோடுன்னு புடிப்பாங்க, 2009 ஆகஸ்ட் 1லேர்ந்து அது ஒழிஞ்சுது. 2019 ஏப்ரல்லேர்ந்து ஓடுன ஸ்லாப்படி பங்கு ஃபண்டுக்கு முதல் 500 கோடிக்கு 2.25%, அடுத்த 250 கோடிக்கு 2%, அடுத்த 1,250 கோடிக்கு 1.75%, இப்படி ஃபண்ட் பெருக்க பெருக்க இறங்கிட்டே போயி 50,000 கோடிக்கு மேல உள்ள பகுதிக்கு 1.05%. இன்கம் டாக்ஸ் ஸ்லாப் மாதிரிதான், மொத்தத்துக்கும் ஒரே ரேட் இல்ல. 2,000 கோடி ஃபண்டுக்கு போட்டு பாத்தா உச்சவரம்பு சுமார் 1.91% வரும். நிஃப்டி மாதிரி ஒரு பட்டியல்ல இருக்கற பங்குகள அப்படியே வாங்கற இன்டெக்ஸ் ஃபண்டுக்கு 1%.

2025 டிசம்பர்ல செபி இத மாத்தி அமைச்சு 2026 ஏப்ரல் 1லேர்ந்து அமலுக்கு கொண்டு வந்தது. இப்ப பேஸ் எக்ஸ்பென்ஸ் ரேஷியோன்னு ஒண்ணு, அதுல ஜிஎஸ்டி மாதிரி அரசுக்கு போற வரிங்க சேராது, அது தனியா வரும். சின்ன பங்கு ஃபண்டோட உச்சவரம்பு 2.25லேர்ந்து 2.10 ஆச்சு, இன்டெக்ஸ் ஃபண்ட் 1லேர்ந்து 0.90 ஆச்சு. ஆனா "ஆகா கொறஞ்சுடுச்சு"ன்னு அப்படியே எடுத்துக்காதீங்க, வெளிய எடுத்து வெச்ச வரிய திரும்ப கூட்டிட்டு, மொத்தம் எவ்ளோன்னு பாத்துதான் பழசோட ஒப்பிடணும்.

கம்மி எக்ஸ்பென்ஸ் ரேஷியோவா பாத்து வாங்கிட்டா போதும்ல?

எந்த வகை ஃபண்ட்ங்கறத பொறுத்தது. நிஃப்டி 50 இன்டெக்ஸ் ஃபண்ட்னா எல்லா கம்பெனியும் அதே 50 பங்கதான் வாங்குது, அங்க செலவுதான் பெரிய வித்தியாசமே, ஆனா கூடவே இன்டெக்ஸ் எவ்ளோ ஏறுச்சு ஃபண்ட் எவ்ளோ ஏறுச்சுன்னு உள்ள இடைவெளியையும் பாருங்க. செலவு 0.20%ன்னு போட்டுட்டு இன்டெக்ஸவிட 0.60% பின்தங்கியிருந்தா மேனேஜ்மென்ட் சரியில்லன்னு அர்த்தம்.

மேனேஜர் பாத்து பாத்து பங்கு வாங்கற ஃபண்ட்ல செலவ மட்டும் வெச்சு முடிவு பண்ண முடியாது, ஆனா அதே வகை ஃபண்டுங்களோட ஒப்பிட்டு பாருங்க, சின்ன கம்பெனி பங்கு வாங்கற ஸ்மால்கேப்ப பெரிய கம்பெனி பங்கு வாங்கற லார்ஜ்கேப்போட வெச்சு பாக்காதீங்க. எல்லாரும் கோட்டை விடற இடம் கடன் பத்திர ஃபண்டுங்கதான். மொத்தமே 7% வர்ற இடத்துல 1% செலவுன்னா சம்பாத்தியத்துல ஏழுல ஒரு பங்கு போச்சு, பங்கு ஃபண்ட்ல 1%ன்னு சாதாரணமா தெரியறது அங்க பெரிய ஓட்டை.

எக்ஸிட் லோடும் இதுக்குள்ளதானா?

இல்ல, அது தனி. சீக்கிரம் எடுத்தாதான், பங்கு ஃபண்ட்ல பெரும்பாலும் ஒரு வருஷத்துக்குள்ள எடுத்தா 1%. அந்த பணம் கம்பெனிக்கு போறதில்ல, ஃபண்டுலயே சேந்து மிச்சம் இருக்கறவங்களுக்கு போகுது. வாங்கும்போது 0.005% ஸ்டாம்ப் டியூட்டியும் தனிதான், 1 லட்சத்துக்கு 5 ரூபா.

யூலிப்ல 1.35%தான்னு ஏஜென்ட் சொன்னாரு, மியூச்சுவல் ஃபண்டவிட கம்மியா இருக்கே?

யூலிப்னா உயிர்க் காப்பீடும் ஃபண்டும் ஒண்ணா சேந்த பாலிசி. அவர் சொன்ன நம்பர் பொய் இல்ல, பாதி. 1.35%ங்கறது யூலிப்ல ஃபண்ட் மேனேஜ்மென்ட் சார்ஜ், அதுக்கு மேல வாங்கக் கூடாதுன்னு இன்ஷூரன்ஸ கட்டுப்படுத்தற ஐஆர்டிஏஐ வெச்ச உச்சவரம்பு. மியூச்சுவல் ஃபண்ட்ல எக்ஸ்பென்ஸ் ரேஷியோன்ற ஒரே பைல கிட்டத்தட்ட எல்லா செலவும் அடங்கிடும், யூலிப்ல அது நாலு பையா பிரிஞ்சு கிடக்கும். பிரீமியம் வந்ததுமே கழிக்கறது அலோகேஷன் சார்ஜ், மாசா மாசம் பாலிசி அட்மின் சார்ஜ் (மாசம் 500 ரூபாய்க்கு மேல போகக் கூடாது), உயிர்க் காப்பீட்டுக்கு மார்ட்டாலிட்டி சார்ஜ், அப்புறம்தான் அந்த 1.35%.

உதாரணத்துக்கு ஒண்ணு போட்டு பாக்கறேன். 35 வயசு, வருஷம் 60,000 பிரீமியம், 6 லட்சம் கவர் (ஆள் தவறிட்டா வர்ற காப்பீட்டுத் தொகை). அலோகேஷன் 5%ன்னா 3,000 போச்சு. அட்மின் மாசம் 200ன்னா 2,400. மார்ட்டாலிட்டி, கவர்ல ஃபண்ட் மதிப்பு போக மிச்சத்துக்கு 1,000 ரூபாய்க்கு 1.20 வீதம் சுமார் 650. ஃபண்ட் சார்ஜ் ஒரு 700. முதல் வருஷம் மட்டும் 6,750, அதாவது பிரீமியத்துல 11%க்கு மேல. வருஷம் போக போக ஃபண்ட் பெருகறதால இந்த சதவீதம் இறங்கும், அது உண்மை, அதனால யூலிப் எடுத்தா நீண்ட காலம் இருந்தே ஆகணும். அலோகேஷனே இல்லாத, மார்ட்டாலிட்டி சார்ஜ கடைசில திருப்பித் தர்ற ஆன்லைன் யூலிப்புங்களும் இப்ப இருக்கு, அதுங்கள இந்த கணக்குல சேக்காதீங்க.

என் யூலிப்ல என்ஏவி டபுள் ஆயிடுச்சு அண்ணா, ஆனா நான் கட்டுன பணம் டபுள் ஆகலயே, ஏன்?

இத கேட்டது எங்க கட்டிங் மாஸ்டர். ஸ்டேட்மென்ட வாங்கி பாத்தேன், ஒவ்வொரு மாசமும் ஒரே தேதில ஒரு மைனஸ் லைன், "யூனிட் கேன்சலேஷன்"னு, ஒரு மாசம் 8.2 யூனிட், இன்னொரு மாசம் 7.9. விரல வெச்சு ஒவ்வொண்ணா காட்டுனேன், 96 லைன் இருந்துச்சு, எட்டு வருஷம். அவர் அது வரைக்கும் அந்த பக்கத்த திருப்பிப் பாத்ததே இல்ல.

விஷயம் இதுதான், யூலிப் என்ஏவில ஃபண்ட் மேனேஜ்மென்ட் சார்ஜ் மட்டும்தான் கழிஞ்சிருக்கும். அலோகேஷன் யூனிட் வாங்கறதுக்கு முன்னாடியே போயிடும், அட்மினும் மார்ட்டாலிட்டியும் யூனிட்ட வித்து எடுப்பாங்க. மியூச்சுவல் ஃபண்ட்ல யூனிட் எண்ணிக்கை தானா கொறயவே கொறயாது, யூலிப்ல மாசா மாசம் கொறயும். அதனால யூலிப் விளம்பரத்துல போடற என்ஏவி ரிட்டர்ன மியூச்சுவல் ஃபண்ட் ரிட்டர்னோட நேரா ஒப்பிடவே கூடாது. (அவர் வருஷா வருஷம் தவணையா வேற கட்டியிருந்தாரு, பின்னாடி கட்டுன பணத்துக்கு டபுள் ஆக நேரமும் இல்ல.)

மார்ட்டாலிட்டி சார்ஜ் வயசோட ஏறும். இந்திய இறப்பு அட்டவணைப்படி 30 வயசுல 1,000 ரூபா கவருக்கு 1 ரூபாய்க்கு கிட்ட, 50 வயசுல 4 ரூபாய்க்கு மேல. கவர் தொகைக்கும் ஃபண்ட் மதிப்புக்கும் உள்ள வித்தியாசத்துக்குத்தான் பல யூலிப்ல இத போடுவாங்க, அதனால ஃபண்ட் வளந்தா இது கொறயும்.

எங்க சித்தி பதினெட்டு வருஷத்துக்கு முன்னாடி யூலிப்ல போட்டு நொந்துட்டாங்க, இன்னும் அப்படித்தானா?

எங்க அத்தை கதையும் அதேதான். 2008ல 30,000 ரூபா கட்டுனாங்க, முதல் ஸ்டேட்மென்ட்ல 18,000 ரூபாய்க்குத்தான் யூனிட் இருந்துச்சு, மிச்சம் 12,000 அலோகேஷன் சார்ஜ். "மூணு வருஷம் கட்டுனா போதும்"னு சொல்லி வித்த பாலிசி. 2010ல செபிக்கும் அப்ப ஐஆர்டிஏவா இருந்ததுக்கும் யூலிப் யாரோட கட்டுப்பாடுன்னு பெரிய சண்டை, ஏப்ரல்ல 14 இன்ஷூரன்ஸ் கம்பெனிங்களுக்கு செபி தடை போட்டுச்சு, ஜூன்ல அவசரச் சட்டம் போட்டு யூலிப் இன்ஷூரன்ஸ் பக்கம்தான்னு முடிச்சாங்க.

அந்த சண்டையால ஒரு நல்லது நடந்துச்சு. 2010 செப்டம்பர் 1லேர்ந்து லாக்கின் 3 வருஷம் 5 ஆச்சு, அஞ்சாவது வருஷத்துக்கு மேல நிறுத்துனா அபராதம் கிடையாது, சார்ஜெல்லாம் சேந்து ரிட்டர்ன எவ்ளோ கொறைக்கலாம்ங்கறதுக்கும் வரம்பு வந்துச்சு, பத்தாவது வருஷத்துல 3%, பதினஞ்சு வருஷத்துக்கு மேல 2.25%. இப்ப உள்ளது அந்த பழைய யூலிப் இல்ல. மேல சொன்ன நாலு பை மட்டும் அப்படியேதான் இருக்கு.

எண்டோவ்மென்ட் பாலிசில எந்த சார்ஜும் போடலயே, அப்ப அதுதானே நல்லது?

காப்பீடும் சேமிப்பும் சேந்த பழைய மாதிரி பாலிசிதான் எண்டோவ்மென்ட். சார்ஜ் போடலன்னா இல்லன்னு அர்த்தம் இல்ல, காட்டலன்னு அர்த்தம். பிரீமியம் மொத்தமா ஒரு குளத்துல சேருது, கமிஷன், ஆஃபீஸ் செலவு, கிளைம் எல்லாம் போக மிச்சம் வர்ற உபரிலதான் போனஸ், போனஸ் பாலிசிங்கள்ல அந்த உபரில குறைஞ்சது 90% பாலிசிதாரருக்கு போகணும்னு சட்டம். 90%ன்னு கேக்க நல்லாருக்கு, ஆனா செலவு அதுக்கு முன்னாடியே கழிஞ்சுடுது. 2023 மார்ச் வரைக்கும் இருந்த ரூல்ல 12 வருஷமும் அதுக்கு மேலயும் பிரீமியம் கட்டற பாலிசிக்கு முதல் வருஷ பிரீமியத்துல 35% வரைக்கும் கமிஷன் குடுக்கலாம். இப்ப தனித்தனி வரம்பு இல்ல, கம்பெனியோட மொத்த செலவுக்குத்தான் வரம்பு.

செலவு தெரியலன்னா வர்ற பலன வெச்சு பின்னாடி கணக்கு போடலாம். வருஷம் 50,000, 20 வருஷம், முடிவுல 18.4 லட்சம் தர்றாங்கன்னு வைங்க. "பத்து லட்சம் கட்டி பதினெட்டு லட்சம்"னு ஏஜென்ட் சொல்லுவாரு. எக்செல்ல ரேட் ஃபங்ஷன்ல போடுங்க, 20 தவணை, மைனஸ் 50,000, கடைசில 18,40,000, வருஷ ஆரம்பத்துல கட்டறோம்னு 1. விடை சுமார் 5.5%. உயிர்க் காப்பீடும் அதுல சேந்திருக்கு, கியாரண்டியும் கொஞ்சம் இருக்கு, பணத்துல கை வைக்க முடியாதுங்கறதே சிலருக்கு பலம், அதெல்லாம் மதிக்கறேன். ஆனா 5.5%ன்னு தெரிஞ்சு வாங்கறதும் ரெண்டு மடங்குன்னு நினைச்சு வாங்கறதும் ஒண்ணு இல்ல.

அப்ப ஓடிட்டிருக்கற பாலிசிய பாதில நிறுத்தி பணத்த திருப்பி வாங்கிடவா, சரண்டர் பண்ணிடவா?

ஆத்திரத்துல பண்ணாதீங்க. செலவுல பெரிய பங்கு முதல் சில வருஷத்துலயே போயிடுது, போனது போனதுதான். இனிமே கட்டப்போற பிரீமியத்துக்கும் இன்னிக்கு கிடைக்கற சரண்டர் தொகைக்கும் கடைசில வர்ற பணத்துக்கும் மட்டும் மேல சொன்ன மாதிரி கணக்கு போடுங்க. பாதிக்கு மேல ஓடுன பாலிசிங்கள்ல பல நேரம் தொடர்றதே மேல்னு வரும். 2024 அக்டோபர் 1லேர்ந்து வந்த ரூல்ல முதல் வருஷ பிரீமியம் முழுசா கட்டியிருந்தாலே சிறப்பு சரண்டர் மதிப்புன்னு ஏதோ கிடைக்கும், முன்னாடி அது கூட கிடையாது. யூலிப்ப அஞ்சு வருஷத்துக்குள்ள நிறுத்துனா பணம் நிறுத்தப்பட்ட ஃபண்டுக்கு போயிடும், லாக்கின் முடிஞ்சாதான் கைக்கு வரும். வேற உயிர்க் காப்பீடு எடுத்து அது கைக்கு வர்ற வரைக்கும் எதயும் நிறுத்தாதீங்க.

டேர்ம், ஹெல்த் இன்ஷூரன்ஸ் கம்பெனிக்கும் எக்ஸ்பென்ஸ் ரேஷியோன்னு பேப்பர்ல போடறாங்களே, அதுவும் என் பணத்துலேர்ந்து வருஷா வருஷம் கழியுமா?

பேரு ஒண்ணு, ஆள் வேற. ஆள் தவறிட்டா மட்டும் பணம் வர்ற டேர்ம்லயும் ஹெல்த்லயும் உங்க பேர்ல ஃபண்டே இல்ல, கழிக்க எதுவும் இல்ல. அங்க எக்ஸ்பென்ஸ் ரேஷியோன்னா கம்பெனி வசூல் பண்ற பிரீமியத்துல கமிஷன், சம்பளம், விளம்பரத்துக்கு எவ்ளோ போகுதுங்கறது. ஜெனரல் இன்ஷூரன்ஸ் கம்பெனிக்கு மொத்த பிரீமியத்துல 30%, ஹெல்த் மட்டும் பண்ற கம்பெனிக்கு 35%ன்னு 2023ல ஐஆர்டிஏஐ வரம்பு வெச்சுது. கிளைம் விகிதத்தையும் இதையும் கூட்டுனா கம்பைண்ட் ரேஷியோ, அது 100ஐத் தாண்டுனா பிரீமியத்துல மட்டும் பாத்தா கம்பெனிக்கு நஷ்டம். செலவு ஜாஸ்தி பண்ற கம்பெனி அடுத்த வருஷ பிரீமியத்துல கை வைக்கலாம், உங்களுக்கு வர்ற பாதிப்பு அந்த வழிலதான்.

இதோட சேத்து கேக்கற இன்னொண்ணு ஜிஎஸ்டி. 2025 செப்டம்பர் 22லேர்ந்து தனிநபர் லைஃப், ஹெல்த் பாலிசிங்களுக்கு ஜிஎஸ்டி இல்ல, அதுக்கு முன்னாடி டேர்ம்க்கும் ஹெல்த்துக்கும் 18%. பழைய ரசீத பாத்து கணக்கு போடறவங்க இத மறந்துடாதீங்க.

என்பிஎஸ்ல, அதான் தேசிய பென்ஷன் திட்டத்துல, செலவே இல்லன்றாங்களே?

இருக்கு, ரொம்ப கம்மி. 2021ல வந்து 2026 மார்ச் வரைக்கும் ஓடுன ஸ்லாப்படி ஃபண்ட் மேனேஜருக்கு 0.09%லேர்ந்து 0.03% வரைக்கும்தான் இருந்துச்சு. கணக்கு பராமரிப்புக்கு தனியா சின்ன தொகை. பணம் பெரும்பாலும் நீண்ட காலம் பூட்டியிருக்கும்ங்கறதையும் சேத்து பாருங்க.

கடைசியா ஒண்ணு, ஏஜென்ட் முன்னாடி உக்காந்திருக்கும்போது நான் என்னதான் கேக்கணும்?

மியூச்சுவல் ஃபண்ட்னா கேக்கவே வேணாம், ஃபண்ட் கம்பெனி சைட்லயும், ஃபண்ட் கம்பெனிங்களோட சங்கமான ஆம்ஃபி சைட்லயும் தினசரி எக்ஸ்பென்ஸ் ரேஷியோ போடறாங்க, டைரக்ட் ரெகுலர் ரெண்டுக்கும். யூலிப்னா பெனிஃபிட் இல்லஸ்ட்ரேஷன்னு ஒரு தாள் கட்டாயம் தரணும், 4%, 8%ன்னு ரெண்டு கணக்கு இருக்கும். அதுல 8% பக்கத்துல "நெட் யீல்ட்"னு ஒரு நம்பர் தேடுங்க, 8க்கும் அதுக்கும் உள்ள வித்தியாசம்தான் உங்க செலவு. அதுலயும் மார்ட்டாலிட்டி சார்ஜ் சேந்திருக்காது, கீழ சின்ன எழுத்துல எழுதியிருக்கும், அத தனியா கேளுங்க.

போன பிப்ரவரில எங்க செக்கிங் செக்‌ஷன் அக்கா ஒருத்தங்க இந்த தாள கேட்டப்ப ஏஜென்ட் "அதெல்லாம் எதுக்கும்மா, நான் இருக்கேன்ல"ன்னாரு. அக்கா விடல, "தாள் வந்தாதான் கையெழுத்து"ன்னுட்டாங்க. மறுநாள் கொண்டு வந்தாரு, அக்கா நேரா என் டேபிளுக்கு எடுத்துட்டு வந்தாங்க, நெட் யீல்ட் 6.1%. பாலிசி வேணாம்னு முடிவு பண்ணாங்க. ஏற்கனவே கையெழுத்து போட்டு பாண்டும் (பாலிசி பத்திரம்) வந்துட்டவங்களுக்கு, பாண்ட் கைக்கு வந்த நாள்லேர்ந்து 30 நாள் ஃப்ரீ லுக் இருக்கு, புடிக்கலன்னா எழுதி குடுத்து திருப்பிடலாம், கவர் இருந்த நாளுக்கும் மெடிக்கல் டெஸ்ட்டுக்கும் ஸ்டாம்ப் டியூட்டிக்கும் மட்டும் புடிச்சுட்டு மிச்சத்த குடுத்துடணும். கைக்கு வந்த தேதிய பாண்ட் மேலயே பேனால எழுதி வெச்சுக்குங்க.